பதினோரு பக்கத்துக் கறை

தென்காசி ஸ்டேஷனில் நான் இறங்கியபோது மழை பெய்துகொண்டிருந்தது என்று எழுதினால் அது பொய். பெய்யவில்லை, தொங்கிக்கொண்டிருந்தது. எங்கள் மலாயாவில், தைப்பிங்கில், மழை என்றால் நாலு மணிக்கு வரும், கூரையைப் பிய்த்துவிடுகிற மாதிரி அடிக்கும், ஐந்தரைக்குப் போய்விடும். அதற்கென்று ஓர் ஒழுங்கு உண்டு. இங்கே மேற்கே மலை இருக்க வேண்டிய இடத்தில் வெள்ளையாக என்னவோ நின்றது. அதிலிருந்து பொடிப்பொடியாக ஈரம் வந்து என் மூக்குக் கண்ணாடியில் உட்கார்ந்தது. துடைத்தேன், மறுபடியும் உட்கார்ந்தது. இதன் பெயர்தான் சாரலாம். இதற்காகவே ஜனங்கள் மதுரையிலிருந்தும் பட்டணத்திலிருந்தும் மூட்டை கட்டிக்கொண்டு வருகிறார்கள்.

எனக்குச் சாரல் தேவைப்படவில்லை. நான் அறுபத்தொரு வயதில் கடல் தாண்டி வந்தது ஒரு நோட்டுப் புத்தகத்துக்காக.

அந்த நோட்டு சங்கரநயினாருடையது. சர்வே ஆபீசில் படம் வரைந்து ஓய்வு பெற்றவர். நான் மலாயாவில் பள்ளிக்கூட வாத்தியார். பதினெட்டு வருஷம் கடிதத்திலேயே பழகினோம், முகம் பார்த்ததில்லை. இரண்டு பேருக்கும் ஒரே பைத்தியம், நெபுலா. வானத்தில் நட்சத்திரங்களுக்கு நடுவே மூச்சுப்பட்ட கண்ணாடி மாதிரி மங்கலாகத் தெரியுமே, அந்த மேகத் திட்டுகள். என்னிடம் இருந்தது சின்னத் தொலைநோக்கி. அவரிடம் யாரோ பாதிரியார் ஊருக்குப் போகும்போது விட்டுப்போன பெரிய குழாய். மொட்டை மாடியில் அதை வைத்துக்கொண்டு, பார்த்ததையெல்லாம் பென்சிலால் வரைந்து வைத்தார்.

ஒன்பது வருஷத்துக்கு முன்னால், வேட்டைக்காரன் என்கிற நட்சத்திரக் கூட்டத்தின் மூன்று இடுப்பு நட்சத்திரங்களுக்குக் கொஞ்சம் வடக்கே, எந்தப் பட்டியலிலும் இல்லாத ஒரு சின்னக் கறையைக் கண்டதாக எழுதி, படத்தையும் அனுப்பினார். நான் ஒரு ராத்திரி, மேகம் விலகிய பத்து நிமிஷம், என் சின்னக் குழாயில் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. 'அது உங்கள் கண்ணாடியில் ஒட்டிய தூசி' என்று எழுதிப் படத்தைத் திருப்பி அனுப்பிவிட்டேன். அன்று எனக்கு என்ன கோபமோ, இன்னும் ஏதேதோ எழுதினேன். என்ன எழுதினேன் என்பது மறந்துவிட்டது. அவர் கடிதத்தையும் நான் பத்திரப்படுத்தவில்லை. அதற்குப் பிறகு அவர் அந்தக் கறையைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லை.

போன மாதம், மேல்நாட்டு வானாய்வு நிலையம் ஒன்றில் வேலை பார்க்கும் என் பழைய மாணவன் ஒரு போட்டோ அனுப்பினான். அவர் சொன்ன அதே இடத்தில் அதே கறை. பழைய போட்டோத் தட்டுகளில் அது இல்லையாம், எப்போது வந்தது என்று அங்கே யாருக்கும் தெரியவில்லையாம். தெரிந்தவர் உலகத்திலேயே ஒருவர்தான். நோட்டை வாங்கி அனுப்பினால் அவர் பெயர் நிலைக்கும் என்று மாணவன் எழுதியிருந்தான். நான் செய்த அநியாயத்துக்கும் ஒரு பரிகாரம் ஆகும் என்று கப்பலேறினேன்.

ஸ்டேஷன் வாசலில் ஒரு குதிரை வண்டி கிடைத்தது. நான் ஏறியதும் வண்டி பின்பக்கம் சாய்ந்து, குதிரை ஆகாயம் பார்த்தது.

"அண்ணாச்சி, இன்னுங் கொஞ்சம் முன்னுக்கு வாங்க. குதிரையத் தூக்குது," என்றார் வண்டிக்காரர்.

முன்னுக்கு நகர்ந்ததில் என் முழங்கால் அவர் முதுகில் இடித்தது. அவர் அதைப் பொருட்படுத்தவில்லை. எங்கே போக வேண்டும் என்று சொன்னேன்.

"யாரு, குழா நயினார் வீட்டுக்கா? கண்ணு போன பொறவு அவாளத் தேடி யாரும் வாரதில்லையே."

"கண் போன பிறகா?"

"தெரியாதா ஒங்களுக்கு? பொறை எடுக்கேன்னு ஆப்பரேசன் பண்ணாவ. அது பழுத்து, ரெண்டும் போச்சு. மூணு வருசமாச்சுல்லா."

மூன்று வருஷமாகக் கடிதங்கள் வேறு கையெழுத்தில் வந்தன. கை நடுக்கம் போலிருக்கிறது, யாரையோ எழுதச் சொல்கிறார் என்று நினைத்தேன். ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம், கேட்கவில்லை. பையில் இருந்த போட்டோவை அவர் கண்முன்னே நீட்டி, அவர் முகம் மலர்வதைப் பார்ப்பது என்று கப்பல் முழுக்க ஒத்திகை பார்த்திருந்தேன். வண்டி கோயிலின் பிளந்த கோபுரத்தைத் தாண்டிப் போயிற்று. எனக்கு எதையும் பார்க்கப் பிடிக்கவில்லை.

நயினார் வாசலிலேயே நாற்காலி போட்டுக் காத்திருந்தார். ஒல்லியான, நெடிய மனிதர். வண்டிச் சத்தம் நின்றதும் எழுந்து, தப்பான திசையில் கை கூப்பினார்.

"வாரும்வே வாரும். பதினெட்டு வருசம் கழிச்சு வாரீரு. நான் ஒம்மளப் பாக்க முடியாமப் போச்சு பாத்தீரா."

அவர் மகனுக்குப் போலீஸில் வேலை, வாசுதேவநல்லூர் ஸ்டேஷனில் இருந்தான். வீட்டில் இருந்தது மருமகள் கோமதி. முப்பது வயதிருக்கும். மூன்று வருஷமாக என் கடிதங்களை அவருக்குப் படித்துக் காட்டி, பதில் எழுதியது அவள்தான் என்று அப்போது தெரிந்தது. என்னை 'மலாயா ஸார்' என்று கூப்பிட்டாள். இட்லியும், நல்லெண்ணெயில் குழைத்த மிளகாய்ப்பொடியும் வைத்தாள். பசியோடு சாப்பிட்டேன், வெட்கமாக இருந்தது.

அன்று சாயங்காலம், மொட்டை மாடியில், கடிதத்தில் எழுதாமல் வைத்திருந்த விஷயத்தை அவரிடம் சொன்னேன். மன்னிப்புக் கேட்டேன். அவர் கையை நீட்டினார். உள்ளங்கையில் இடுப்பு நட்சத்திரம் மூன்றையும் என் விரலால் தொட்டு வைத்து, வடக்கே நகர்ந்து, அந்த இடத்தில் அழுத்தினேன்.

"அதே இடம்," என்றார். கையை மூடிக்கொண்டார். "அதே இடந்தாம்வே. நீரு தூசின்னு எழுதின அன்னைக்கு ராத்திரி கண்ணாடியக் கழத்தித் தொடச்சேன். திரும்பவும் இருந்துச்சு. பொறவும் தொடச்சேன். நாலு பனிக்காலம் விடாம வரைஞ்சு வச்சேன், நீரு திருப்பி அனுப்பினதயும் நோட்டுல ஒட்டிப் பதினோரு படம். மொதல்ல அரிசி கணக்கா இருந்துச்சு, நடுவுல மங்கிப் போச்சு, கடசி ரெண்டுல திரும்ப வந்துச்சு. அதுக்குள்ள கண்ணுல பொறை விழுந்துட்டு."

"எனக்கு ஏன் எழுதவில்லை?"

"நீருதான் நம்பமாட்டேன்னுட்டீரே."

நோட்டை உடனே பார்க்க வேண்டும் என்றேன். முடியாது என்று சொல்லிவிட்டார். சீசனுக்கு வந்த விருந்தாளி அருவியில் தலையைக் கொடுத்த பிறகுதான் மற்ற காரியம் எல்லாம். இது இந்த ஊர்ச் சட்டம், டிபுடி கலெக்டருக்கும் விலக்கில்லை என்றார் நயினார்.

மறுநாள் ஐந்தருவிக்குப் பஸ். பஸ் என்று அதைச் சொல்வது மரியாதைக்காக. ஏறியவர்களில் பாதிப் பேர் வீட்டிலேயே தலை முதல் கால் வரை எண்ணெய் தேய்த்துக்கொண்டு, துண்டோடு வந்திருந்தார்கள். என்மேல் சாய்ந்த ஒரு கனத்த ஆசாமி இறங்கும்போது என் வெள்ளைச் சட்டையின் இடது பாதி மஞ்சளாகியிருந்தது. அது போகட்டும். போட்டோவைப் பிரிய மனமில்லாமல் பையில் கொண்டுவந்திருந்தேன், அதன் உறையிலும் ஒரு முழங்கை எண்ணெய் பதிந்துவிட்டது. நான் சண்டைக்குப் போனேன். "எண்ணெதானே ஸார், வெசமா?" என்றான் அந்த மனிதன். உறையைக் கைக்குட்டையால் ஒற்றி ஒற்றி எடுத்தேன். படம் தப்பித்தது.

அருவியில் நயினாரின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். உண்மையில் அவர்தான் என் கையைப் பிடித்திருந்தார். எந்தப் பாறை வழுக்கும், ஐந்தில் எந்தக் கிளையில் வேகம் குறைவு என்று கால் விரலாலேயே கண்டுபிடித்தார். தண்ணீர் தலையில் விழுந்ததும் எனக்கு மூச்சு நின்றுவிட்டது. அவர் வாயைத் திறந்து சிரித்துக்கொண்டு நின்றார். நேற்றுக் கேட்ட செய்தியின் சந்தோஷம் அது. அந்த மனிதர் சந்தோஷமாக இருந்ததை நான் பார்த்த ஒரே நேரம் அதுதான். என் கணக்கில் நல்லதாக அது ஒன்றுதான் இருக்கிறது.

கரையேறியதும் மங்குஸ்தான் வாங்கித் தந்தார். "ஒமக்கு இது புதுசா இருக்கும், சாப்பிடும்," என்றார். எங்கள் வீட்டுக் கொல்லையில் இரண்டு மரம் நிற்கிறது, பழம் விழுந்து அழுகி ஈ மொய்க்கும். ஆனால் நான் அதைச் சொல்லவில்லை. புதுசாகச் சாப்பிடுகிறவன் மாதிரி சாப்பிட்டேன்.

பஸ்ஸுக்குக் காத்திருந்த இரண்டு மணி நேரமும் நெபுலாப் பேச்சுத்தான். குழாயை முதலில் வானத்துக்குத் திருப்பிய இத்தாலிக்காரர், வேட்டைக்காரனின் இடுப்பையும் வாளையும் படம் போட்டார். எண்பது நட்சத்திரம் புதிதாக வைத்தார். வாளின் நடுவே இருக்கும் அந்தப் பெரிய மேகத்தை மட்டும் வைக்கவில்லை. கண்ணுள்ள எவனுக்கும் தெரிவது அவருக்கு எப்படித் தப்பியது என்று இன்றைக்கும் ஆச்சரியப்படுகிறார்கள். ஒன்றிரண்டு வருஷத்தில் ஒரு பிரெஞ்சுக்காரர் அதைப் பார்த்துவிட்டார்.

"தப்பியிருக்காது," என்றார் நயினார். "பாத்திருப்பாரு. கண்ணாடி அழுக்குன்னு விட்டுருப்பாரு. ஒம்மள மாதிரி."

அவர் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். எனக்குச் சுருக்கென்றது.

பிறகு வந்த இன்னொரு பிரெஞ்சுக்காரர் வால் நட்சத்திரம் தேடுகிறவர். இந்த மங்கல் திட்டுகள் அவரை ஏமாற்றிக்கொண்டே இருந்தன. சனியன்கள், இவற்றை நம்பாதீர்கள் என்று எச்சரிப்பதற்காக ஒரு பட்டியல் போட்டார். அவர் தேடிப் பிடித்த வால் நட்சத்திரங்களை இன்று யாருக்கும் தெரியாது, பட்டியல்தான் நிலைத்திருக்கிறது. அதில் முதலாவது நண்டு நெபுலா. அந்தப் பெயரும் படத்தால் வந்ததுதான். அயர்லாந்துப் பிரபு ஒருவர், ஆள் நுழையக்கூடிய பெரிய குழாய் கட்டி, பார்த்ததை வரைந்தார், அது நண்டு மாதிரி இருந்தது. அதே இடத்தில் பல நூறு வருஷம் முன்னால் சீனர்கள் பகலிலும் தெரிந்த புது நட்சத்திரம் ஒன்றைப் பார்த்து எழுதி வைத்திருந்தார்கள். எழுதி வைத்ததால்தான் வெடித்துச் சிதறிய நட்சத்திரத்தின் புகை அது என்று இன்று சொல்ல முடிகிறது.

"எழுதி வச்சாத்தான்வே," என்றார் நயினார். "ஆனா நான் எழுதல. படந்தான். தேதி, மணி, அதுக்கு மேல ஒரு வார்த்தை கெடையாது. சர்வே ஆபீஸ்ல அப்படித்தான் பழக்கம். வார்த்தை எழுதினா கையி அதுக்கு ஏத்த மாதிரி படத்தப் போட ஆரம்பிச்சிரும்."

நட்சத்திரத்துக்குக் கூர்ப் பென்சில். மேகத்துக்கு, பென்சிலைச் சுரண்டி அந்தப் பொடியை விரல் நுனியால் ஒற்றித் தேய்ப்பது. அவர் முறை அது. வெள்ளைத் தாளில் கறுப்பு மூட்டம், வானத்தைத் திருப்பிப் போட்ட மாதிரி. விரலைக் காற்றில் உருட்டிக் காட்டினார்.

மூன்றாம் நாள் காலை பக்கத்து வீட்டுக்காரர் நயினாரைக் கோயிலுக்குக் கூட்டிப்போயிருந்தார். மதிய ரயிலுக்கு நான் கிளம்ப வேண்டும். கோமதி அடுக்களையில் சொதிக்குத் தேங்காய்ப்பால் பிழிந்துகொண்டிருந்தாள். மாப்பிள்ளை வீட்டாருக்குச் செய்கிற பெரிய சமையல் அது, எனக்காகச் செய்தாள். கையைத் துடைத்துக்கொண்டு வந்து, துணியில் சுற்றிய நோட்டை என்முன் வைத்தாள்.

"மாமா வாரதுக்குள்ள ஒரு விசயம் சொல்லிருதேன் ஸார். நீங்க வாரீங்கன்னு கடுதாசி வந்ததும், உங்க பழைய கடுதாசியெல்லாம் எடுத்துப் படிச்சேன். வெளிநாட்டுல இருந்து வாரவங்க, என்ன பழக்கம், என்ன புடிக்கும்னு தெரிஞ்சுக்கிடணும்லா. அதுல நீங்க ஒண்ணு சொல்லியிருந்தீங்க. மாமா அதச் செய்யவே இல்ல. கண்ணு தெரியாததால விட்டுட்டாவன்னு நெனச்சேன். நானே செஞ்சு வச்சுட்டேன்."

கடிதத்தையும் எடுத்துக் கொடுத்தாள். என் கையெழுத்து. வாத்தியார் கையெழுத்து, ஒரு எழுத்துகூடச் சந்தேகத்துக்கு இடமில்லாமல். 'இடுப்பு நட்சத்திரங்களுக்கு வடக்கே நீங்கள் போட்ட அந்தக் கறை வானத்தில் இல்லை. நானே பார்த்துவிட்டேன், அங்கே ஒன்றும் கிடையாது. நோட்டை வெளியார் யாருக்கும் காட்டுவதற்கு முன் அதை அழித்துவிடுங்கள். அது இருக்கும்வரை மற்றப் படங்களையும் எவரும் மதிக்கமாட்டார்கள். நம் இருவருக்கும் அவமானம்.'

நோட்டைத் திறந்தேன். வாளின் பெரிய மேகம் இருந்தது. நண்டு இருந்தது. மோதிர நெபுலா இருந்தது. எல்லாம் அற்புதமான கை. பிறகு அந்தப் பதினோரு பக்கம். நட்சத்திரங்கள் ஊசி முனையால் வைத்த மாதிரி, தேதி, மணி, நடுவே வெள்ளை. இத்தாலிக்காரரின் படம் மாதிரியே.

"பத்து நாளாச்சு ஸார். நல்ல ரப்பரா சொல்லி வாங்குனேன். நட்சத்திரம் ஒண்ணுகூட அழியல. தாளு கிழியாம மெதுவா மெதுவா எடுத்தேன்," என்றாள் கோமதி. "குதிரைத்தல மாதிரி ஒரு மேகம் இருக்காமே, அதக் கண்டுபிடிச்சவ மொதல்ல வீட்டு வேல பாத்த பொம்பளதானாம்லா. மாமா சொல்லியிருக்காவ. நம்மளால ஆனது இதாவது செய்வோம்னு பண்ணேன். சரியா இருக்கா ஸார்?"

நான் பள்ளிக்கூடத்தில் முப்பத்திரண்டு வருஷம், சரி, தப்பு என்று சொல்லியே சம்பளம் வாங்கினவன். ஜன்னலோரம் போய்த் தாளைச் சாய்த்துப் பார்த்தேன். ஒரு நிழல்கூட இல்லை, அவ்வளவு சுத்தமான வேலை. இதை மாணவனுக்கு அனுப்பினால் என்ன சொல்வார்கள்? வரைந்தவருக்கே சந்தேகம் வந்து அழித்துவிட்டார் என்பார்கள். என்னைக் கேட்டிருந்தாலும் நானும் அதைத்தான் சொல்லியிருப்பேன். அவள்மேல் கோபப்பட ஒரு மூலையாவது கிடைக்குமா என்று மனசு தேடியது, கிடைக்கவில்லை. நான் சொன்னதை, நான் சொன்னபடி, ஒன்பது வருஷம் கழித்து ஒருத்தி மரியாதையோடு செய்திருக்கிறாள்.

வாசலில் தடிச் சத்தம் கேட்டது. கோமதி என் முகத்தைப் பார்த்துவிட்டு, என்னவோ தப்பு என்று புரிந்து, நிலைப்படி ஓரம் ஒதுங்கினாள்.

நயினார் என் பக்கத்தில் உட்கார்ந்தார். நெற்றியில் விபூதி ஈரமாக இருந்தது. "நோட்டு வந்துட்டா? எங்கன, மொதப் படத்த எடும். என் கைய அதுல வையும். நான் காட்டுதேன்."

நான் பக்கத்தைத் திருப்பி அவர் விரலைத் தாளில் வைத்தேன். வேறென்ன செய்ய? அவர் விரல் மெல்ல ஊர்ந்தது. கூர்ப் பென்சில் அழுத்தின குழிகளை ஒவ்வொன்றாகத் தொட்டு, பெயர் சொல்லிக்கொண்டே வடக்கே போனது. போய் நின்றது.

"இங்கன என்ன சொரசொரன்னு இருக்கு?"

அவர் விரல் அந்த இடத்தைச் சுற்றிச் சுற்றி வந்தது. ரப்பர் தேய்த்துத் தாள் பஞ்சு கிளம்பியிருந்த இடம். அரிசி மணி அளவு. தானே அடுத்த பக்கம் திருப்பினார். அதற்கடுத்தது. பதினோரு பக்கமும் தொட்டுப் பார்த்தார். நடுப் பக்கங்களில் சொரசொரப்புக் கொஞ்சம் குறைவாக இருந்தது, மங்கலாக இருந்ததை அழிக்கக் கொஞ்சம் தேய்த்தால் போதுமே. கடைசி இரண்டில் விரல் வெகு நேரம் நின்றது.

"அழிச்சிருக்கு," என்றார்.

"நான்தான்," என்றேன். "என் பழைய கடிதம். அது சொன்னபடி ஆகியிருக்கிறது. அழித்தது நான்தான்."

என் கடிதங்களை அந்த வீட்டில் படிக்கிறவர் யார் என்பது அவருக்குத் தெரியாதா? நிலைப்படிப் பக்கம் முகத்தைத் திருப்பினார். அங்கே கோமதி வாயை முந்தானையால் பொத்திக்கொண்டு நின்றாள். அவர் அவளை ஒன்றும் கேட்கவில்லை. அந்தக் கேள்வியை அவர் இன்றுவரை கேட்டிருக்கமாட்டார் என்று நினைக்கிறேன்.

"ஏட்டி கோமதி," என்றார் கடைசியில், சாதாரணக் குரலில். "ஸாருக்கு ரயிலுக்கு நேரமாச்சு. எலையப் போடு."

சொதி பரிமாறினாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. எங்கள் வீட்டிலும் தினம் தேங்காய்ப்பால்தான், ஆனால் இந்த ருசி வந்ததில்லை. அதை அவளிடம் சொல்லியிருக்கலாம். இலையிலிருந்து நிமிர எனக்குத் தைரியமில்லை.

வண்டி வந்தது. நோட்டை நான் கேட்கவில்லை, அவரும் தரவில்லை. ஏறுவதற்கு முன், எண்ணெய் படிந்த உறையிலிருந்து போட்டோவை எடுத்து அவர் கையில் திணித்தேன். "இதையாவது வைத்துக்கொள்ளுங்கள். அந்த இடத்தில்தான் இருக்கிறது, தெளிவாக இருக்கிறது."

அவர் விரலை அதன்மேல் ஓட்டினார். மூலைக்கு மூலை, இரண்டு தடவை.

"வழுவழுன்னு இருக்கு. இதுல எனக்கு ஒண்ணும் தட்டுப்படல," என்று திருப்பிக் கொடுத்தார். "நம்பாத ஆளுகளுக்கு இது வேணும். கொண்டு போம். எனக்கு எதுக்குவே? நான்தான் பாத்தாச்சே."